ஒன்றும் கிடைக்கக் கூடாத குழிகள்

அந்த வளவுக்குள் முதலில் என் கண்ணில் பட்டது துணி துவைக்கும் கல்தான்.

போர் முடிந்து மூன்று, நான்கு வருடங்கள் ஆகியிருந்தன. புத்தளத்துக்கு வடக்கே, களப்பை விட்டு உள்ளே ஏறினால் செம்மண்ணும் கஜு என்னும் முந்திரித் தோட்டங்களும் பற்றைக் காடுமாக ஒரு பகுதி வரும். அங்கே காட்டோரமாக இருந்த பழைய கல்லறைகளை அளந்து முடித்துவிட்டு, பஸ் எடுப்பதற்காக ரோட்டை நோக்கி நடந்துகொண்டிருந்தேன். வழியில் பாதி கட்டி முடித்த ஒரு வீடு. தகரக் கூரை, பூசாத சுவர். கிணற்றடியில் ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒரு பெண், தலையில் முக்காடு போட்டபடி, ஒரு தட்டையான கல்லில் துணி அடித்துக்கொண்டிருந்தார்.

அந்தக் கல்லின் ஒரு விளிம்பு நேராகக் கொத்தப்பட்டிருந்தது. அதோடு அது கருங்கல். அந்த மண்ணில் கருங்கல் கிடையாது. யாரோ, எப்போதோ, பல மைல் தூரத்திலிருந்து அதைச் சுமந்து வந்திருக்க வேண்டும்.

என் தொழிலே அதுதான். எழுத்து வருவதற்கு முன் இந்தத் தீவில் வாழ்ந்த மனிதர்கள், இறந்தவர்களுக்காகக் கற்பலகைகளைப் பெட்டிபோல நிலத்தில் நட்டு, உள்ளே எலும்பையும் சட்டியையும் வைத்து, மேலே ஒரு பெரிய பலகையால் மூடினார்கள். அந்த மேல் பலகையை நாங்கள் மூடுகல் என்போம். அப்படியான கல்லறைகளைத் தேடி, அளந்து, வரைந்து, பதிவதற்காக அரசாங்கம் எனக்குச் சம்பளம் தந்தது. சிலாபத்தில் மீன்பிடித் தொழில் செய்த ஒருவரின் மகள் இந்த வேலைக்கு எப்படிப் போனாள் என்று எங்கள் மாதா கோயிலடியில் இன்றும் கேட்பார்கள். பல்கலைக்கழகச் சுற்றுலா ஒன்றில் ஒரு மூடுகல்லுக்கு அடியில் கையை விட்டுப் பார்த்தேன். உள்ளே குளிர்ந்திருந்தது. வெளியே பொசுக்கும் வெயில். இந்தக் கல்லைத் தூக்க எத்தனை பேர் வேண்டும், அத்தனை பேரும் ஒரு சாவுக்காக ஒன்றாய் நின்றார்களா என்று யோசித்தேன். அந்த யோசனை பிறகு விடவேயில்லை.

போர்க்காலத்தில் என் கல்லறைகளில் பாதி நான் போக முடியாத காடுகளில் இருந்தன. பத்து வருடம் பழைய வரைபடங்களையும் மங்கிய புகைப்படங்களையும் வைத்துத்தான் ஆராய்ச்சி செய்தேன். சண்டை நின்று ரோடுகள் திறந்ததும், கல்யாண வீட்டுக்குப் போகிறவளைப்போலப் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன். ஆனால் போன இடத்தில் எல்லாம் ஜனங்களின் பார்வை வேறாக இருந்தது. அளவு நாடாவைக் கண்டதும் பேச்சை நிறுத்தினார்கள். கல்லைக் கண்டால் காணி போகும் என்ற பயம் எல்லா ஊரிலும் ஏறியிருந்தது. தமிழ் ஊர், முஸ்லிம் ஊர், சிங்கள ஊர் என்று அதில் வித்தியாசம் இல்லை.

இதெல்லாம் தெரிந்தும், அன்று அந்தப் பெண்ணிடம் நான் யார் என்று முதலில் சொல்லவில்லை. அதை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது.

"ராத்தா, கொஞ்சம் தண்ணி தருவீங்களா?" என்றேன். குடித்துவிட்டு, சும்மா கேட்பதுபோல, "இந்தக் கல் எங்கயிருந்து வந்தது?" என்றேன்.

"இங்கதான் கிடந்துச்சு மிஸ். மகளுக்கு ஒரு வீடு கட்ட அத்திவாரம் வெட்டினம், அதுக்குள்ள வந்துச்சு. இன்னும் இரிக்கு, வாங்க காட்டுறன்."

வீட்டுக்குப் பின்னால் அத்திவாரத்துக்குப் புதிதாக வெட்டிய கான், நீளமான பள்ளம். அதன் ஒரு முனையில் மூன்று பலகைகளின் விளிம்புகள் மண்ணுக்கு மேலே நின்றன. அவற்றின் மேல், பாதி மண் மூடிக் கட்டிலளவில் ஒரு மூடுகல், அசையாமல், வைத்தவர்கள் வைத்தபடியே. இந்தக் கரையோரத்தில் இத்தனை முழுதாக ஒன்றை நான் அதுவரை பார்த்ததில்லை. என்னையறியாமல் மண்டியிட்டு, பையிலிருந்து அளவு நாடாவை எடுத்துவிட்டேன்.

அவர் ஒரு அடி பின்னால் போனார்.

"நீங்க எந்தக் கந்தோர்?"

சொன்னேன். தொல்லியல் அலுவலகம் என்றதும் அவர் முகத்தில் இருந்த சிரிப்பு இறங்கிப் போனது. உள்ளே போனார், அலுமாரியைத் திறக்கும் சத்தம் கேட்டது. பொலித்தீன் உறையில் சுற்றிய ஒரு கடதாசியோடு திரும்பி வந்தார். பின்னால் அவருடைய மகள் வந்து வாசலில் நின்றாள். இருபத்திரண்டு வயது இருக்கும்.

"இது காணி உறுதி. என்ட பேர்ல இரிக்கு. வாசிச்சுப் பாருங்க."

"ராத்தா, காணி உங்கடதுதான். நான் அதைச் சொல்லல்ல…"

"எங்கட ஊர்லயும் காணி எங்கடதாத்தான் இருந்துச்சு."

அவர் மன்னார்ப் பக்கத்துக்காரர். வடக்கிலிருந்து முஸ்லிம்கள் எல்லாரும் வெளியேற்றப்பட்டபோது, கையில் ஒரு பிள்ளையும் வயிற்றில் ஒரு பிள்ளையுமாகப் படகேறிக் கற்பிட்டிக் கரையில் இறங்கியவர். இருபது வருடம் கிடுகுக் கொட்டிலில். கணவர் அங்கேயே இறந்தார். மகன் வளர்ந்து கடைவேலைக்குப் போய் அனுப்பியதில் இந்தத் துண்டை வாங்கினார்கள். மகளுக்கு ஒரு சம்பந்தம் வந்திருந்தது. பெண்ணுக்கு வீடு கொடுப்பது அவர்களின் வழக்கம்.

"வாற வெள்ளிக்கிழம பின்னேரம் மாப்பிள்ளை வீட்டாக்கள் வாறாங்க. அத்திவாரத்தக் கண்டாத்தான் நிக்காஹ்வுக்கு நாள் வைப்பாங்க. ஒரு கிழம தாங்க மிஸ். அதுக்குப் புறகு என்னத்தயெண்டாலும் எழுதுங்க. ஒரு கிழமதான்."

கல்லைக் கண்டால் உடனே அறிவிக்க வேண்டும் என்பது சட்டம். நான் அந்த மகளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை, அளவு நாடாவைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சரி," என்றேன். "ஒரு கிழமை. ஆனா கல்லில கை வைக்கக் கூடாது. கானை அப்படியே மண்ணால மூடி வையுங்க."

அன்றே மண்ணைத் தள்ளி மூடினோம். நானும் மண்வெட்டி பிடித்தேன்.

அந்தக் கிழமை ஏழு நாளும் எனக்கு நன்றாக இல்லை. அலுவலகத்தில் என் மேலதிகாரி, ஓய்வு பெற இரண்டு வருடமே இருந்த சிங்களவர், வழக்கம்போல என் மேசையடியில் வந்து நின்று, "அந்தப் பக்கம் புதிதாக ஏதாவது?" என்று கேட்டார். "ஒன்றுமில்லை சேர்," என்றேன். எத்தனையோ வருடமாக அவரோடு வேலை செய்கிறேன், அதுதான் நான் அவருக்குச் சொன்ன முதல் பொய். சிலாபத்தில் வீட்டுக்குப் போனால் அம்மா, "என்ன பிள்ளை, சாப்பாட்டைப் பிசைஞ்சுகொண்டே இருக்கிறாய்?" என்றார். அந்தப் பக்கத்து மண்ணைக் கையில் பிடித்தவர்கள் நானும் அந்த இரண்டு பெண்களும் மட்டுமல்ல என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை. கான் வெட்டிய மேசன்மார் இருந்தார்களே.

வியாழக்கிழமை பாலாவிச் சந்தியில் பஸ்ஸுக்காக நின்றபோது தேத்தண்ணிக் கடைக்குள் போனேன். பக்கத்து மேசையில் இரண்டு லொறிக்காரர்கள்.

"கல்லுப் பெட்டியாமே. மூடியோட அப்படியே இரிக்காம்."

"உள்ளுக்குத் தங்கம் இரிக்குமோ?"

"இல்லாட்டி என்னத்துக்கு இவ்வளவு பெரிய மூடி போடுவான்?"

கிளாஸைக் கீழே வைத்தேன். எந்த ஊர் என்று அவர்கள் சொல்லத் தேவையில்லை. வெளியே வந்து அந்தப் பெண்ணுக்குப் போன் எடுத்தேன். மணி அடித்து நின்றது. திரும்பவும் அடித்தேன், அவர் எடுக்கவில்லை. அப்போதே மேலதிகாரிக்கு அடித்திருக்கலாம். பொலிஸுக்கு அடித்திருக்கலாம். நாளைக்கு ஒரு நாள்தானே, நாளைப் பின்னேரம் மாப்பிள்ளை வீட்டார் வந்து போனதும் எழுதிவிடலாம் என்று என்னை நானே சமாதானப்படுத்தினேன். வெள்ளிக்கிழமை காலையில் போய்க் காவல் நிற்பதுபோல நிற்கலாம் என்றும் நினைத்தேன்.

பஸ் பழுதாகி வழியில் நின்றதால் நான் போய்ச் சேர்ந்தபோது பகல் பன்னிரண்டரை தாண்டிவிட்டது. ஊரில் ஒரு ஆணையும் காணவில்லை. எல்லாரும் ஜும்ஆத் தொழுகைக்குப் பள்ளிவாசலுக்குப் போயிருந்தார்கள். ஒலிபெருக்கியில் பிரசங்கம் கேட்டது. அந்த வீட்டு வாசலில் ஒரு டபிள் கெப் வாகனம் நின்றது.

நேரம் பார்த்துத்தான் வந்திருக்கிறார்கள் என்பது புரிந்தது. ஓடினேன்.

நாங்கள் மூடிய மண் வெளியே அள்ளி எறியப்பட்டிருந்தது. மூடுகல்லைச் சுற்றி வெள்ளை நூல் கட்டி, வாழையிலையில் வெட்டிய தேசிக்காயும் கற்பூரமும் வைத்து, ஒரு வயதான ஆள் புதையல் எடுக்கும் மந்திரத்தை முணுமுணுத்துக்கொண்டிருந்தார். இரண்டு பேர் கல் கிளப்பும் இரும்பு அலவாங்கோடு நின்றார்கள். கொஞ்சம் தள்ளி, மடிப்புக் கலையாத சட்டையோடு ஒருவர். அவர்தான் தலைவர் என்று பார்த்ததும் தெரிந்தது.

அந்தப் பெண் மூடுகல்லின் மேல் ஏறி நின்றுகொண்டிருந்தார். வெறுங்கால். முக்காடு நழுவித் தோளில் கிடந்தது. மகள் வாசலில் நின்று போனைக் காதில் வைத்துக்கொண்டு அழுதாள். "ஒருத்தரும் எடுக்கிறாங்க இல்ல, எல்லாரும் பள்ளியில…"

"இறங்குங்க உம்மா," என்று சட்டைக்காரர் மிக மரியாதையாகச் சொன்னார். நல்ல தமிழ். "பத்து நிமிஷ வேலை. நாங்க போயிடுவம்."

"மையத்து அடக்கிக் கிடக்கிற இடம். நான் இறங்க மாட்டன்."

நான் அடையாள அட்டையைத் தூக்கிப் பிடித்தேன். குரல் உடைந்துவிடக் கூடாது என்பதே என் ஒரே நினைப்பு.

"இது பாதுகாக்கப்பட்ட இடம். பொலிஸ் வந்துகொண்டிருக்கு. இப்பவே போங்க."

சட்டைக்காரர் அட்டையை வாங்கி, இரண்டு பக்கமும் பார்த்து, திருப்பித் தந்தார்.

"பாதுகாத்த இடமெண்டா ஒரு பலகை நட்டிருப்பாங்களே மிஸ்? ஒரு கம்பியாவது கட்டியிருப்பாங்க. ஒண்டும் இல்லையே." என்னை உற்றுப் பார்த்தார். பிறகு சிரித்தார். "நீங்க இன்னும் எழுதல்ல. அப்படித்தானே? அப்ப நீங்களும் நாங்களும் ஒண்டுதான். நீங்களும் ஒருத்தருக்கும் சொல்லல்ல, நாங்களும் ஒருத்தருக்கும் சொல்லல்ல."

வேறு என்ன செய்வதென்று தெரியாமல் நானும் அந்தக் கல்லின் மேல் ஏறி அந்தப் பெண்ணின் பக்கத்தில் நின்றேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். கை சவர்க்காரம் பட்டு ஊறியிருந்தது.

சட்டைக்காரர் தலையசைத்தார். இரண்டு பேரும் அலவாங்குகளை விளிம்புக்கு அடியில் செருகினார்கள். கல் அசைந்தால் நாங்களாக இறங்கிவிடுவோம் என்றுதான் நினைத்திருப்பார்கள். காலுக்குக் கீழே அந்தக் கல் அசைந்ததை என்னால் மறக்க முடியாது. ஏறக்குறைய நூறு தலைமுறையாக ஒரே இடத்தில் இருந்த பாரம், ஒரு பக்கம் மெல்ல எழும்பியது. நான் மறுபக்கம் குதித்தேன். அவரை இழுத்தேன். அவர் பிடி வழுவியது. மூடுகல் சரிந்து, நட்ட பலகையில் அடித்து, இரண்டாக உடைந்தது. உடைந்த துண்டு அவருடைய இடது காலின் மேல் இறங்கியது.

அவர் கத்தவில்லை. "யா அல்லாஹ்" என்று மட்டும் சொன்னார், மெதுவாக.

மந்திரம் சொன்ன கிழவர் இரத்தத்தைக் கண்டதும் எழும்பி வாகனத்தை நோக்கி ஓடினார். சட்டைக்காரர் மட்டும் குனிந்து உடைந்த இடைவெளிக்குள் பார்த்தார். உள்ளே மண் தவிர ஒன்றும் தெரியவில்லை. அந்த நேரத்தில் பள்ளி ஒலிபெருக்கி நின்றது. தூரத்தில் மோட்டார் சைக்கிள்கள் உயிர்பெறும் சத்தம் வந்தது. அவர்கள் அலவாங்குகளைப் போட்டுவிட்டுப் போய்விட்டார்கள். வாகன இலக்கத்தை மனதில் பதித்து வைத்தேன். அது போலி என்று பிறகு பொலிஸ் சொன்னது. அவர்கள் கடைசிவரை பிடிபடவில்லை.

அவர்கள் போட்டுவிட்டுப் போன அலவாங்கால்தான் கல்லைக் கிளப்பினேன். மகள் தாயை இழுத்தெடுத்தாள். பள்ளியிலிருந்து வந்தவர்கள் வாகனம் பிடித்தார்கள். புத்தளம் ஆஸ்பத்திரிக்குப் போய், அங்கிருந்து அன்றே சிலாபத்துக்கு அனுப்பினார்கள். அன்று பின்னேரம் மாப்பிள்ளை வீட்டார் வந்தபோது வாசலில் பொலிஸ் ஜீப் நின்றது. கதவு பூட்டியிருந்தது. பின்னால் கல்லறையைப் பார்த்துவிட்டு, மையத்துக்கு மேலே கட்டுகிற வீடு எங்களுக்கு வேண்டாம் என்று மாப்பிள்ளையின் தாய் சொல்லிவிட்டுப் போனதாகப் பிறகு கேள்விப்பட்டேன்.

சத்திரசிகிச்சையில் இரண்டு கால்விரல்களை எடுத்தார்கள். வார்டுக்கு வெளியே வாங்குப் பலகையில் மகளோடு உட்கார்ந்திருந்தேன். என் முகத்தைப் பார்க்காமலே அவள் சொன்னாள்.

"நீங்க அண்டைக்கே எழுதியிருந்தா உம்மாட கால் தப்பியிரிக்கும். எழுதாம விட்டா காணி தப்பும் எண்டு நாங்க நினைச்சம். இப்ப ரெண்டும் போச்சு."

நான் மன்னிப்புக் கேட்கத் தொடங்கினேன். அவள் எழும்பி வார்டுக்குள் போய்விட்டாள்.

அன்றிரவு அறிக்கையை எழுதினேன். கல்லறையைப் பற்றி ஒன்றரைப் பக்கம். கடைசியில் ஒரு வரி: இதை நான் ஏழு நாட்களுக்கு முன்பே கண்டேன், என் சொந்த முடிவில் அறிவிக்காமல் விட்டேன். அந்தப் பெண் கேட்டதால் என்று எழுதவில்லை. முடிவு எடுத்தது நான்தான்.

திங்கட்கிழமை மேலதிகாரி அதைக் கண்ணாடி போட்டு இரண்டு தரம் வாசித்தார்.

"இந்தக் கடைசி வரி தேவையா?" என்று சிங்களத்தில் கேட்டார்.

"தேவை சேர்."

"அப்படியென்றால் நானும் இதை மேலே அனுப்பத்தான் வேண்டும். உன்னுடைய பதவி உயர்வு நேர்முகம் அடுத்த மாதம். தெரியும்தானே?"

"தெரியும்."

கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். கோபமா வருத்தமா என்று கண்டுபிடிக்க முடியவில்லை. "போன கிழமை நான் கேட்டபோது ஒன்றுமில்லை என்றாய்," என்றார். அதுதான் எனக்குப் பின்னால் வந்த எச்சரிக்கைக் கடிதத்தைவிட வலித்தது.

வழக்கமாக இப்படியான இடத்தில் முழு வளவையும் ஒன்றும் கட்ட முடியாதபடி எல்லை போட்டுவிடுவார்கள். அது சுலபம், யாரும் கேள்வி கேட்க மாட்டார்கள். எல்லை போடுவதற்கு முன்னால் சோதனைக் குழி வெட்ட அனுமதி தாருங்கள் என்று கேட்டேன். எங்கே கல்லறை இல்லையோ அந்த இடத்தில் அந்தப் பெண் வீடு கட்டட்டும் என்றேன். மேலதிகாரி மேசை நாட்காட்டியை எடுத்துப் பார்த்தார்.

"மூன்று நாள் தருகிறேன். எங்கே இருக்கிறது என்று எல்லாரும் காட்டுவார்கள். நீ எங்கே இல்லை என்று காட்டு. ஆனால் ஒரு ஓட்டுத்துண்டு கிடைத்தாலும் மறைக்கக் கூடாது."

"மறைக்க மாட்டேன்."

"தெரியும். அந்தக் கடைசி வரியை வாசித்தேனே."

மூன்று கிழமை கழித்து, அந்தப் பெண்ணை ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு விட்ட பிறகு குழி வெட்டத் தொடங்கினோம். அவர் ஒரு கதிரையில் உட்கார்ந்து, கட்டுப்போட்ட காலை இன்னொரு கதிரையில் நீட்டிக்கொண்டு, கையில் தஸ்பீஹ் மணியை உருட்டியபடி பார்த்துக்கொண்டிருந்தார். என்னோடு பேசினார், ஆனால் அளவாக. மகள் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டு, ஒரு சொல்லும் பேசாமல் போவாள்.

என் வாழ்க்கை முழுக்க ஏதாவது கிடைக்க வேண்டும் என்று தோண்டியவள் நான். அந்த மூன்று நாளும் ஒன்றும் கிடைத்துவிடக் கூடாது என்று தோண்டினேன். மண் சுரண்டும் சாந்தகப்பை எதிலாவது தட்டும்போதெல்லாம் அதைக் கீழே வைத்துவிட்டு விரலால் தடவிப் பார்த்தேன்.

முதல் குழி சமையல் குசினிக்குப் பக்கத்தில். முழங்கால் ஆழத்தில், உள்ளே கறுப்பும் வெளியே சிவப்புமான ஒரு மட்பாண்டத் துண்டு வந்தது. அந்தக் காலத்து ஆட்களின் கை அடையாளம் அது. வேறு எந்த நாளிலும் அதைக் கண்டு துள்ளியிருப்பேன். உறையில் போட்டு, இலக்கம் எழுதினேன். கதிரையிலிருந்து குரல் வந்தது.

"இரிக்கா மிஸ்?"

"இருக்கு ராத்தா."

மணி உருளும் சத்தம் மட்டும் தொடர்ந்தது.

இரண்டாவது குழி கிணற்றுக்கு அப்பால். அங்கே இன்னொரு பலகையின் தலை தெரிந்தது. கல்லறை ஒன்றல்ல, வரிசையாக இருக்கின்றன என்று உறுதியாகிவிட்டது. ஆராய்ச்சிக்கு அது பெரிய செய்தி. அன்று பின்னேரம் நான் சாப்பிடவில்லை.

மூன்றாவது குழியில் இரண்டரை அடி வரை சுத்தமான மண். நம்பிக்கை வந்த நேரத்தில் ஒரு தாழியின் விளிம்பு, வளைந்து, மெலிதாக, எட்டிப் பார்த்தது. நான் குழிக்குள் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அதை மண்ணால் மூடிவிட எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்? யாரும் பார்க்கவில்லை. அந்தப் பெண்ணும் கண்ணை மூடியிருந்தார். அந்த நினைப்பு வந்ததையும், அது கொஞ்ச நேரம் நின்றதையும் ஒளிக்க விரும்பவில்லை. பிறகு புகைப்படக் கருவியை எடுத்தேன்.

வளவில் மிஞ்சியது ரோட்டோர மூலை மட்டும். கடைசி நாள். இருபது அடிக்கு இருபத்தைந்து அடி இடத்தில் நான்கு மூலையிலும் வெட்ட வேண்டியிருந்தது, வீடு முழுவதும் அதற்குள் அடங்க வேண்டுமே. மூன்று மூலைகள் சுத்தமாக இறங்கின. நான்காவதில், முழங்கை ஆழத்தில், கறுப்பாக ஒன்று.

"என்ன அது?" என்று மகள் கேட்டாள். எப்போது வந்து குழி விளிம்பில் குந்தினாள் என்று தெரியாது. ஆஸ்பத்திரிக்குப் பிறகு என்னோடு அவள் பேசிய முதல் சொல்.

"பொறுங்க."

தூரிகையால் மண்ணைத் தட்டினேன். வட்டமாக, கருகி, ஒரு விரல் தடிப்பில். தாழியின் கழுத்தைப்போலத்தான் இருந்தது. நான் மாதாவை நினைத்தேன், ஆனால் எதைக் கேட்டுச் செபிப்பது என்று தெரியவில்லை. உண்மையை மாற்றிவிடு என்றா கேட்பது? இன்னும் கொஞ்சம் தட்டினேன். அது நீண்டது. கிளைவிட்டது. கையால் பிடித்து இழுத்தேன். வந்தது. எரிந்துபோன ஒரு கஜுமரத்தின் வேர்.

அவளிடம் நீட்டினேன். அவள் வாங்கி, முறித்துப் பார்த்து, மோந்து பார்த்து, பிறகு சத்தமாகச் சிரித்தாள். சிரிப்போடு அழுகையும் வந்தது. "உம்மா! வேர் உம்மா! வெறும் வேர்!"

நானும் குழிக்குள் நின்று அழுதேன்.

மனிதக் கை படாத கன்னி மண் வரை வெட்டி முடித்தோம். அடுத்த நாள் மேலதிகாரியே நேரில் வந்து, வயதையும் பார்க்காமல் நான்கு குழிக்குள்ளும் இறங்கிப் பார்த்து, மண்ணை விரலால் நசித்துப் பார்த்து, கையெழுத்துப் போட்டார். எல்லைத் தூண்கள் வீட்டுக்குப் பின்னால் நடப்பட்டன. வளவில் பெரும் பங்கு அதற்குள் போனது. உறுதி அவர் பெயரிலேயே இருந்தது, ஆனால் அந்தப் பக்கத்தில் இனி ஒரு கோழிக்கூடும் கட்ட முடியாது. அது சின்ன இழப்பு என்று நான் ஒருபோதும் சொல்லவில்லை.

மாப்பிள்ளையின் தாய் ஒரு நாள் வந்தார், கறுப்பு அபாயாவில், கூடவே இரண்டு பெண்கள். ரோட்டோரக் குழிகளை ஒவ்வொன்றாகக் குனிந்து பார்த்தார்.

"இதுக்குள்ள ஒண்டும் இல்லதானே?"

"இல்லை."

"கபுர் ஒண்டும் இல்ல?"

"இல்லை உம்மா, கல்லறை ஒண்டும் இல்லை."

"எழுதித் தருவீங்களா?"

"எழுதிக் கந்தோருக்குக் கொடுத்திட்டன். உங்களுக்கும் ஒரு பிரதி தாறன்."

அந்தப் பிரதியை மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு போனார். தொல்லியல் அறிக்கை ஒன்று நிக்காஹ்வுக்கு நாள் வைக்க உதவியது என் அனுபவத்தில் அந்த ஒரு தடவைதான்.

சின்ன வீடு. ஓர் அறை, ஒரு விறாந்தை, ஒரு குசினி. ரோட்டுத் தூசி முழுக்க உள்ளே வரும். கல்யாணத்துக்கு என்னையும் அம்மாவையும் அழைத்தார்கள். சகன் சாப்பாட்டில் பெண்கள் நாலைந்து பேர் ஒரு தட்டைச் சுற்றி உட்கார்ந்தோம். கால் மடக்க முடியாத அந்தப் பெண் கதிரையில் இருந்தபடி, "அவங்களுக்கு இறைச்சி வையுங்க," என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

பதவி உயர்வு எனக்கு அந்த வருடம் வரவில்லை, அடுத்த வருடமும் வரவில்லை. பிறகு வந்தது.

மழை ஓய்ந்த பருவத்தில் உடைந்த மூடுகல்லின் கீழே முறைப்படி அகழ்ந்தோம். சில எலும்புத் துண்டுகள், இரண்டு சட்டிகள், துருவேறிய ஒரு சிறு கத்தி. தங்கம் ஒரு மணியும் இல்லை. அந்தப் பெண் ஊன்றுகோலோடு வந்து நின்றார். முக்காட்டை இழுத்துச் சரிசெய்து கொண்டார்.

"ஆம்புளயா, பொம்புளயா?"

"இன்னும் தெரியாது ராத்தா. பரிசோதிக்கணும்."

"பிள்ளையா?"

"இல்ல. பெரிய ஆள்."

உள்ளே நெடுநேரம் பார்த்தார். தன் விரல்களைத் தின்ற கல்லையும் பார்த்தார். "இவங்களும் எங்கயாவது இருந்து வந்து இங்க குடியிருந்தாங்களோ?" என்று கேட்டார். கருங்கல் அந்த மண்ணுக்கு உரியது அல்ல, உள்நாட்டிலிருந்து சுமந்து வந்தது என்று சொன்னேன். அவ்வளவு தூரத்திலிருந்தா என்று வியந்தார். பிறகு, "வேலை முடிஞ்சதும் மூடிடுங்க. வெயில் படுது," என்றார்.

பரிசோதனைக்கு எடுத்தவை போக மீதியை அப்படியே விட்டு, மண் நிரப்பி, உடைந்த இரண்டு துண்டுகளையும் பொருத்தி மேலே வைத்தோம். அதற்கு எட்டுப் பேர் தேவைப்பட்டது. மாப்பிள்ளையும் வந்து ஒரு பக்கம் பிடித்தார்.

அதற்குப் பிறகு நான் கண்ட எந்தக் கல்லையும் அன்றே எழுதிவிடுவேன். எழுதுவதற்கு முன்னால், நான் யார், எந்தக் கந்தோர், எழுதினால் என்ன நடக்கலாம் என்று வீட்டுக்காரரிடம் சொல்லிவிடுவேன். சிலர் திட்டினார்கள். ஒரு வீட்டில் நாயை அவிழ்த்துவிட்டார்கள். இருந்தும் சொல்லிவிட்டுத்தான் நாடாவை எடுப்பேன்.

அந்தப் பெண் இன்னும் அங்கேதான் இருக்கிறார். மழைக்காலத்தில் பெரும் மழை அடித்து விட்டதும் போன் வரும். சுகம் கேட்டு, அம்மாவைக் கேட்டு, பேரனின் குறும்பையெல்லாம் சொல்லி முடித்த பிறகு, "கல்லெல்லாம் இருந்த மாதிரியே இரிக்கு. ஒரு பக்கத்தால கொஞ்சம் மண் அரிச்சிரிக்கு, மருமகனுக்குச் சொல்லிக் கொட்ட வெச்சன்," என்பார். எந்தப் பக்கம் என்று கேட்டுக் குறித்துக்கொள்வேன்.